முகமூடிக்குள் யாரும் ஓட்டலாம்: வாசகர் கேள்வி - பதில்

சென்ற இதழில் 'டெத் ரேஸ்' பட வரிசையைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தோம். கைதிகள் ஆயுதம் பூட்டிய கார்களில் ஒருவரையொருவர் கொன்றுகொண்டே பந்தயம் ஓட, அதைக் காசு கட்டி உலகமே பார்க்கும் என்பதுதான் கதை. ராமநாதபுரம் கரையோரத்திலிருந்து இத்தனை கடிதம் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. பாதிப் பேர் படத்தைப் பற்றிக் கேட்டிருக்கிறார்கள். மீதிப் பேர், 'நாங்களும் இப்படி ஒன்று எடுக்கப் போகிறோம்' என்று மிரட்டியிருக்கிறார்கள்.

கீழக்கரை வாசகர்: 'டெத் ரேஸ் 2' என்று பெயர். கதையோ முதல் படத்துக்கு முன்னால் நடக்கிறது. எந்த வரிசையில் பார்ப்பது? தியேட்டருக்கு வந்த படம்தானா?

அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் தியேட்டருக்கு வரவில்லை. 2010 டிசம்பர் கடைசியில் பிரிட்டனிலும், 2011 ஜனவரியில் அமெரிக்காவிலும் நேரே டிவிடி, ப்ளூரே வட்டுகளாகக் கடைக்கு வந்தது. இயக்கியவர் ரோயல் ரைனே. நாயகன் லூக் காஸ். தென்னாப்பிரிக்காவில் எடுத்தார்கள். இதற்கு முந்தியது 2008இல் பால் டபிள்யூ. எஸ். ஆண்டர்சன் இயக்கத்தில் ஜேசன் ஸ்டேதம் நடித்துத் தியேட்டருக்கு வந்த 'டெத் ரேஸ்'. அதற்கு ஆன செலவு சுமார் 4.5 கோடி டாலர். வட்டுக்கென்றே எடுத்த படத்துக்கு அதில் ஒரு சிறு பங்குதான் கிடைத்தது.

வந்த வரிசை: 2008 படம், 'டெத் ரேஸ் 2', 2013இல் 'இன்ஃபெர்னோ' என்ற மூன்றாவது, 2018இல் 'பியாண்ட் அனார்க்கி'. கதை வரிசையோ வேறு: இரண்டு, மூன்று, அப்புறம் 2008 படம், கடைசியில் 2018 படம். முதல்முறை பார்ப்பவர் 2008 படத்தில்தான் தொடங்க வேண்டும். முன்கதையை முதலில் பார்த்துவிட்டால், ஸ்டேதம் படத்தின் முதல் பத்து நிமிடத்தில் இருக்கிற புதிர் செத்துப்போகும்.

இந்த நான்குக்கும் பாட்டன் 1975இல் ரோஜர் கார்மன் தயாரித்த 'டெத் ரேஸ் 2000'. இயக்கம் பால் பார்ட்டெல். டேவிட் கராடைனும், அப்போது பெயர் பெறாத சில்வெஸ்டர் ஸ்டாலோனும் நடித்தது. அதற்கும் மூலம் இப் மெல்ச்சியோர் எழுதிய 'தி ரேசர்' என்ற சிறுகதை. 2017இல் வந்த 'டெத் ரேஸ் 2050' இந்தப் பாட்டன் வழி வந்தது. ஸ்டேதம் பட வரிசையோடு அதைக் கோக்காதீர்கள்.

தொண்டி வாசகர்: ஸ்டேதம் இல்லாமல் முன்கதை எடுக்க எப்படித் துணிந்தார்கள்?

முகமூடி இருந்ததால்தான். இந்த வரிசையின் முழுச் சூட்சுமமும் அதுதான், விரிவாகவே சொல்கிறோம்.

2008 படம் தொடங்கும்போது ஃபிராங்கன்ஸ்டைன் என்ற முகமூடிக்காரன் கார் ஓட்டிக்கொண்டிருப்பான். அவனுக்குக் குரல் கொடுத்தவர் 1975 படத்தில் அதே பாத்திரத்தில் நடித்த டேவிட் கராடைன். அவன் இறந்ததை மறைத்து, அந்த முகமூடியை ஸ்டேதம் தலையில் மாட்டிவிடுகிறார் சிறை அதிகாரி. ஆக, முகம் தேவையில்லை, முகமூடி போதும் என்று முதல் படமே சொல்லிவிட்டது. முன்கதை எழுத உட்கார்ந்தவர்களுக்குக் கேள்வி ஒன்றுதான் மிச்சம்: அந்த முகமூடியை முதலில் போட்டவன் யார்? கார்ல் லூகாஸ் என்று ஒரு ஓட்டுநரை உருவாக்கினார்கள். வங்கிக் கொள்ளைக்கு வண்டி ஓட்டப் போய், போலீஸ்காரரைச் சுட்டு, டெர்மினல் ஐலண்ட் சிறைக்கு வந்து சேர்கிறான். கூத்தில் வேஷக்காரர் மாறினாலும் வேஷம் அதேதான் என்கிற கணக்கு. நட்சத்திரத்துக்குக் கொடுக்க வேண்டிய சம்பளம் அப்படியே மிச்சம்.

வட்டுப் படத்துக்குக் கடை அலமாரியில் அட்டைதான் விளம்பரம். அட்டையில் தெரிந்த பெயர்கள் வேண்டும். ஷான் பீன், விங் ரேம்ஸ், டேனி ட்ரெஹோ மூவரையும் போட்டார்கள். ஷான் பீன் குற்றக் கும்பலின் தலைவன். அவர் பகுதி பெரும்பாலும் சிறைக்கு வெளியே நடப்பதால், தனி அட்டவணை போட்டுச் சில நாட்களில் முடிக்க வசதி. எழுதும்போதே கால்ஷீட்டைப் பார்த்து எழுதிய காட்சிகள் என்பது தெரியும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். கார்ப் பந்தயம் படத்தின் பிற்பகுதியில்தான் வருகிறது. அதற்கு முன்னால் 'டெத் மேட்ச்' என்று கைதிகளை மோதவிடும் மேடைச் சண்டை. ஒரே முற்றம், ஒரே விளக்கமைப்பு, கார் ஒன்றும் நொறுங்காது. மேடைச் சண்டையைப் பார்ப்பவர் எண்ணிக்கை குறைந்ததால் கார்ப் பந்தயம் பிறந்தது என்று கதையில் சொல்கிறார்கள். கதைக்கும் பொருந்தியது, செலவையும் தள்ளிப்போட்டது. வறுமையைக் கதையாக மாற்றும் இந்த வித்தையை நாம் மெச்சத்தான் வேண்டும். படம் மொத்தமும் நல்ல படமா என்றால், இல்லை.

தேவிபட்டினம் வாசகி: என் பையனுக்குப் பதினொரு வயது. பார்க்கலாமா?

வேண்டாம் அம்மா. அமெரிக்காவிலேயே 'ஆர்' சான்றிதழ் பெற்ற வரிசை இது. இரண்டாம் பாகத்தில் மேடைச் சண்டை காரைவிடக் கொடூரம்.

மண்டபத்தில் பட்டறை வைத்திருக்கும் வாசகர்: பின்னால் ஒரு பெரிய இரும்புத் தகடு, பக்கமெல்லாம் கவசம். இவ்வளவையும் சுமந்துகொண்டு கார் நிஜமாகவே அப்படிப் பறக்குமா? ஊர்த் திருவிழா ஊர்வலத்துக்கு ஒரு பழைய காரை அப்படி ஜோடிக்கச் சொல்லிக் கேட்கிறார்கள்.

பறக்காது. கணக்குப் போட்டுப் பாருங்கள். இரும்பு ஒரு சதுர மீட்டருக்கு, ஒரு மில்லிமீட்டர் கனத்துக்கு 7.85 கிலோ. துப்பாக்கிக் குண்டைத் தடுக்கும் எஃகு 6 மில்லிமீட்டர் என்று வைத்தாலே சதுர மீட்டருக்கு 47 கிலோ. காரின் நான்கு பக்கமும் மேலும் மூட 8 சதுர மீட்டர் வேண்டும்: 377 கிலோ. பின்தகடு ஒன்றை ஓர் அங்குலக் கனத்தில் போட்டால் சதுர மீட்டருக்கு 200 கிலோ. அது பின் ஆக்சிலுக்கும் பின்னால் தொங்குவதால், ஏற்றக்கட்டை போல முன்சக்கரத்தைத் தூக்கும். ஸ்டியரிங் லேசாகும், முன் பிரேக் பிடிக்காது. மேல்கவசம் எடையை உயரத்தில் ஏற்றுவதால் வளைவில் கவிழும். படத்தில் இத்தனையையும் மீறி ஓடுவதற்குக் காரணம், படத்துக்குச் செய்யும் கவசம் கவசமே இல்லை என்பதுதான். மெல்லிய தகடு, அலுமினியம், ஃபைபர், நெருங்கிய காட்சிக்கு மட்டும் ஓரிரு நிஜத் துண்டு.

உங்கள் ஊர்வலக் காருக்கு எங்கள் யோசனை: கடைப் பெயர்ப் பலகைக்குப் போடும் 4 மில்லிமீட்டர் ஏ.சி.பி. ஷீட் (நடுவில் பிளாஸ்டிக், இரு பக்கமும் அலுமினியம்). சதுர மீட்டருக்கு 5.5 கிலோதான். 8 சதுர மீட்டருக்கு 44 கிலோ, ஒரு ஆள் கூட ஏறின மாதிரி. அடிபடும் மூலைகளுக்கு மட்டும் 18 கேஜ் (சுமார் 1.2 மில்லிமீட்டர்) இரும்புத் தகடு, அது சதுர மீட்டருக்கு ஒன்பதரை கிலோ வரும். ரிவெட் தலைக்கு அரைவட்டப் பிளாஸ்டிக் மூடிகளை ஒட்டிக் கறுப்பு அடியுங்கள். பத்தடி தள்ளி நின்றால் யாருக்கும் தெரியாது.

துருவுக்கு இந்தக் கரையில் பஞ்சமா? 18 கேஜ் தகட்டைக் கடல்தண்ணீரில் நனைத்து வெயிலில் காயப்போட்டு எடுங்கள். நாலைந்து நாள் இதையே திருப்பிச் செய்தால் சினிமாக்காரர்கள் காசு கொடுத்து வாங்கும் துரு கிடைக்கும். அதன்மேல் மங்கலான கிளியர் லாக்கர் ஒரு கோட் அடிக்காவிட்டால், உரசுகிறவர் வேட்டியெல்லாம் செம்மண் நிறமாகிவிடும். அலுமினியம் இப்படித் துருப்பிடிக்காது. ஏ.சி.பி.க்கு ரெட் ஆக்சைடு பிரைமரில் மரத்தூளைக் கலந்து ஸ்பாஞ்சால் ஒற்றி எடுங்கள். நல்ல தகடும் போலித் தகடும் ஒன்று போல இருக்கும்.

எங்கே கெடும் என்றும் சொல்லிவிடுகிறோம். ஒன்று, முன் கிரில்லை மூடுவார்கள். ஊர்வலத்தில் வண்டி நடை வேகத்தில் போகும், ரேடியேட்டருக்குக் காற்றே கிடைக்காது, பாதி வழியில் கொதிக்கும். கிரில்லில் பாதிக்குமேல் திறந்தே இருக்கட்டும். இரண்டு, சக்கர வளைவுக்குள் தகடு. ஸ்டியரிங்கை முழுக்கத் திருப்பி, வண்டியில் நாலு பேரை ஏற்றி அமுக்கிப் பார்த்து, அப்போதும் டயருக்கும் தகட்டுக்கும் நாலு விரல் இடைவெளி இருக்க வேண்டும். மூன்று, செல்ஃப் டேப்பிங் ஸ்க்ரூ. இந்த ரோடு குலுக்கலில் இரண்டு மணி நேரத்தில் கழன்றுவிடும். 6 மில்லிமீட்டர் போல்ட், அகல வாஷர், நைலான் வைத்த நட் போடுங்கள். நான்கு, முன் கண்ணாடியில் கம்பிப் பட்டை. அழகுக்காக இரண்டு போடலாம், ஓட்டுநரின் கண்மட்டத்தில் ஒன்றும் கூடாது.

கடைசியாக, இந்தக் கோலத்தில் பொதுச்சாலையில் ஓட்டினால் மோட்டார் வாகனச் சட்டம் 52ஆம் பிரிவு பாயும். மினி லாரியில் ஏற்றிக் கொண்டுபோங்கள். ஊர்வலத்துக்கு உயரமாகவும் தெரியும்.

பெரியபட்டினம் மாணவர்: பானெட்டில் இருக்கும் சுழல் துப்பாக்கிகள் அப்படி விடாமல் சுட முடியுமா?

ஆறு குழல் கொண்ட எம் 134 வகைத் துப்பாக்கி மின்மோட்டாரில் சுழன்று நிமிடத்துக்கு 3,000 தோட்டா கக்கும். அதன் 7.62 மில்லிமீட்டர் தோட்டா ஒன்று சுமார் 25 கிராம். மூன்று நிமிடம் விடாமல் சுட்டால் 9,000 தோட்டா, 225 கிலோ. படத்தில் பெட்டி எங்கே என்று தேடிப் பாருங்கள். சினிமாவில் இதற்கு வெற்றுத்தோட்டாவோ, எரிவாயுவைப் பொறியால் பற்றவைத்துத் தீ நாக்கு காட்டும் போலித் துப்பாக்கியோ பயன்படுத்துவார்கள்.

இரண்டையும் நீங்கள் தொட வேண்டாம். குழல் முனையில் ஒரு எல்.இ.டி. ஃபிளாஷ் மினுக்கினால் ஓட்டுநரின் முகத்தில் வெளிச்சம் விழும். தீயை எடிட்டிங்கில் ஒட்டலாம். முகத்தில் விழும் வெளிச்சத்தைப் பிறகு ஒட்டுவதுதான் கஷ்டம். இன்னொன்று: இது எல்லைக் கடற்கரை. பொம்மைத் துப்பாக்கியோடு கரையில் நின்றாலும் கடலோரப் பாதுகாப்புக் குழுமத்துக்கு முதலில் எழுதிக் கொடுத்துவிட்டு நில்லுங்கள்.

ராமேஸ்வரம் கல்லூரிக் குறும்படக் குழு: தனுஷ்கோடி சாலையில் இரண்டு காரை வைத்துப் பந்தயக் காட்சி எடுத்தோம். 80இல் ஓட்டியும் மாட்டுவண்டி போலத் தெரிகிறது. டிரோனும் போன் கேமராவும் மட்டுமே இருக்கின்றன. என்ன தப்பு?

முதல் தப்பு இடம். வேகத்தைக் கண்ணுக்குக் காட்டுவது கார் அல்ல, காரைக் கடந்து பின்னால் ஓடும் பொருள்தான். முகுந்தராயர் சத்திரம் தாண்டி அரிச்சல்முனை வரை இரண்டு பக்கமும் மணலும் கடலும். தூரத்துக் கடல் நகராது. அதன் முன்னால் 80இல் போனாலும் 20இல் போவது போலத்தான் இருக்கும். அதே காரைச் சாயல்குடிப் பக்கம் பனங்காட்டு நடுவே மண்பாதையில் 35இல் ஓட்டுங்கள். மூன்று மீட்டர் தள்ளி நிற்கிற பனைகள் சடசடவென்று வெட்டிக்கொண்டு போகும். கருவேலமரப் புதர்கூட போதும். தனுஷ்கோடியைக் கிளம்பும் காட்சிக்கும் முடியும் காட்சிக்கும் வைத்துக்கொண்டு, நடுப்பகுதியை உள்நாட்டில் எடுங்கள்.

இரண்டாவது ஷட்டர், அதாவது ஒவ்வொரு ஃபிரேமும் வெளிச்சம் வாங்கும் நேரம். உச்சிவெயிலில் வெண்மணலைப் பார்த்த போன், தானாகவே ஷட்டரை 1/3200 விநாடி வரை ஏற்றிவிடும். ஒவ்வொரு ஃபிரேமும் கத்தியால் வெட்டியது போல உறைந்து, சக்கரம் நின்றது போலவும் பின்னால் சுற்றுவது போலவும் தெரியும். மேனுவல் ஆப் ஒன்றில் விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று பூட்டுங்கள். அப்போது வெளிச்சம் பொங்கும். அதைக் குறைக்க லென்சுக்கு முன் என்.டி. 64 ஃபில்டர் (வெளிச்சத்தை 64இல் ஒரு பங்காக்கும் கறுப்புக் கண்ணாடி) மாட்டினால் 3200 சரியாக 50க்கு இறங்கும். பின்னணி இழுபட்டுத் தெரியும். அந்த இழுபடல்தான் வேகம். ஃபில்டர் வாங்கக் காசில்லையென்றால் காலை ஏழு மணிக்கு முன்னும் மாலை ஐந்துக்குப் பின்னும் மட்டும் எடுங்கள்.

மூன்றாவது உயரம். ஆள் நிற்கும் உயரத்தில் கேமராவைப் பிடித்திருக்கிறீர்கள். அதைத் தரையிலிருந்து ஒன்றரை அடிக்கு இறக்கி, அகல லென்சில், முன்சக்கரத்தை ஓரமாக வைத்து எடுத்தால் தார் ரோடு ஆறு போல ஓடும். இரண்டு கார் உரசுகிற மாதிரி வேண்டுமென்றால் நேர்மாறாக, தூரத்தில் நின்று ஜூம் லென்சில் நேரெதிரே எடுங்கள். 15 மீட்டர் இடைவெளியில் வரும் கார்கள் ஒன்றின் முதுகில் ஒன்று ஏறிக்கொண்டது போலத் தெரியும். யாரும் உரசவே தேவையில்லை.

நான்காவது பழைய தந்திரம். விநாடிக்கு 20 ஃபிரேமில் எடுத்து 25இல் ஓட்டினால் 40 கிலோமீட்டர் வேகம் 50ஆகத் தெரியும். 22க்கு மேல் வைத்தால் கண்டுபிடிக்க முடியாது. 18க்குக் கீழே போனால் சார்லி சாப்ளின் காலம். ஆனால் உங்கள் ஊரில் இதற்கு ஒரு காட்டிக்கொடுப்பான் இருக்கிறது: அலை. ஃபிரேமுக்குள் அலை இருந்தால் அது துள்ளித் துள்ளி உடைந்து, தந்திரம் வெளுத்துவிடும். பனையோலை ஆட்டமும் அப்படியே. கடல் தெரிந்தே ஆக வேண்டுமென்றால் ஆண் கடல் (மன்னார் வளைகுடா) பக்கம் திரும்பாமல், அலை அடங்கிய பெண் கடல் (பாக் நீரிணை) பக்கம் கேமராவை வையுங்கள். வாடை அடிக்கிற மாதங்களில் அந்தப் பக்கமும் நம்ப முடியாது.

கேமராவைக் காரில் ஒட்டும் ரப்பர் சக்ஷன் கப் விழுந்துவிட்டதாகவும் எழுதியிருக்கிறீர்கள். கடற்கரையில் நின்ற காரின் மேல் கண்ணுக்குத் தெரியாத உப்புப் படலம் இருக்கும். நல்ல தண்ணீரில் துடைத்து, அப்புறம் ஸ்பிரிட்டில் துடைத்து, காய்ந்தபின்தான் ஒட்ட வேண்டும். மதிய வெயிலில் பானெட் சூட்டில் ரப்பர் இளகும், ஒவ்வொரு டேக்குக்கும் கழற்றி ஒட்டுங்கள். எவ்வளவு ஒட்டினாலும் தனியாக ஒரு பாதுகாப்புக் கயிறு வேண்டும். தங்கூசி (மீன்பிடி நைலான் நரம்பு) எளிதில் கிடைக்கிறது என்று அதைக் கட்டாதீர்கள், இழையும், முடிச்சு நழுவும். லாரியில் சுமை கட்டும் பெல்ட் துண்டு போதும்.

டிரோனைப் பொறுத்தவரை, பறக்கவிடும் முன் மத்திய அரசின் டிஜிட்டல் ஸ்கை வலைத்தள வரைபடத்தில் அந்த இடம் எந்த நிறம் என்று பாருங்கள். உச்சிப்புளியில் கடற்படையின் ஐ.என்.எஸ். பருந்து விமானத்தளம் இருக்கிறது. மண்டபத்தில் கடலோரக் காவல்படை. சிவப்பு மண்டலத்தில் மத்திய அரசு அனுமதி இல்லாமல் 250 கிராமுக்குக் குறைந்த பொம்மை டிரோனையும் ஏற்றக் கூடாது. மன்னார் வளைகுடாத் தேசியப் பூங்காவின் 21 தீவுகளுக்கும் வனத்துறை அனுமதி தனி. தனுஷ்கோடியில் 2025இல் பூநாரைச் சரணாலயமும் அறிவித்தாகிவிட்டது. பறவை இறங்கும் நீர்ப்பரப்பின் மேல் டிரோன் போனால் கூட்டமே கிளம்பிவிடும். இனி மேல் 80 கிலோமீட்டர் வேகத்தைச் சுற்றுலா வண்டிகள் போகிற பொதுச்சாலையில் முயலவும் வேண்டாம். கோடையில் வற்றிய கண்மாய்த் தரை, தனியார் உப்பளத்தின் வண்டிப்பாதை இரண்டும் உரிமையாளர் அல்லது நீர்வளத் துறை சொன்னால் கிடைக்கும். வெடித்த கண்மாய்த் தரை, 'இன்ஃபெர்னோ' படத்துப் பாலைவனத்துக்கு ஒன்றும் குறைச்சலில்லை.

பாம்பன் வாசகர்: கார் அந்தரத்தில் உருண்டு உருண்டு விழுகிறதே, கம்ப்யூட்டரா?

பெரும்பாலும் நிஜக் கார்தான். இரண்டு வழி. ஒன்று, பைப் ராம்ப்: ஒரு பக்கச் சக்கரம் மட்டும் ஏறும்படி தரையிலிருந்து மெல்ல உயரும் குழாய்ப் பாதை. ஒரு பக்கம் தூக்கியதும் கார் முறுக்கிக்கொண்டு கவிழும். காருக்கு முன்னால் வேறு வண்டி நின்று ராம்பை மறைக்கும். இரண்டாவது, பீரங்கி: காரின் தரையில் செங்குத்தாக ஒரு குழாய், அதற்குள் ஒரு கட்டை. கார் குறுக்கே சறுக்கும்போது, அழுத்திய நைட்ரஜன் அந்தக் கட்டையைத் தரையை நோக்கி உதைக்கும். 2006இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படமான 'கசினோ ராயல்' இதற்குப் பாடம். ஆஸ்டன் மார்ட்டின் டிபிஎஸ் தாழ்வான, அகலமான கார். ராம்பில் ஏற்றினால் கவிழ மறுத்தது. பீரங்கி பொருத்தியதும் ஏழு முறை உருண்டு கின்னஸ் சாதனையானது.

உள்ளே இருப்பவர் பிழைப்பது ரோல் கேஜால். சர்வதேச மோட்டார் பந்தய விதிப்படி முதன்மை வளையம் தையலில்லாத எஃகுக் குழாய், 45 மில்லிமீட்டர் விட்டம், இரண்டரை மில்லிமீட்டர் கனம். மற்றவை 38 மில்லிமீட்டர் விட்டம். தரையில் அது இறங்கும் இடத்தில் குறைந்தது 120 சதுர சென்டிமீட்டர், 3 மில்லிமீட்டர் கனத் தகடு. இல்லையென்றால் குழாய் ஊசி போலத் தரையைக் குத்திக்கொண்டு வெளியே போகும். உள்ளூரில் தண்ணீர்க் குழாயை வளைத்து ரோல் கேஜ் என்று விற்கிறார்கள். அதில் நீளவாக்கில் தையல் உண்டு, வளைத்த இடத்தில் பிளக்கும். துத்தநாகப் பூச்சின் மேல் வெல்டிங் வைத்தால் புகையும் கேடு, பற்றும் கேடு. பார்க்க மட்டும் கம்பீரமாக இருக்கும்.

நீங்கள் கேட்காமலே சொல்கிறோம்: முயலாதீர்கள். கவிழ்ந்த காட்சியைக் கவிழ்க்காமல் எடுக்கலாம். கழித்துக்கட்டும் கார் ஒன்றைப் பழைய இரும்புக் கடையில் வாடகைக்குப் பேசுங்கள். பெட்ரோல், ஆயில், பேட்டரி மூன்றையும் முதலில் எடுத்துவிட வேண்டும். ஜே.சி.பி. வைத்து மெல்ல மல்லாக்கப் படுக்க வையுங்கள். முதல் ஷாட், ஓட்டுநர் ஸ்டியரிங்கை ஒடிக்கிறார். இரண்டாவது, கேமராவையே பக்கவாட்டில் உருட்டி, காருக்குள்ளிருந்து ஜன்னல் வழியே வானம், தரை, வானம். அரை விநாடிக்குமேல் வேண்டாம். மூன்றாவது, தரைமட்டத்தில் வைத்த கேமராவை நோக்கி நாலு சட்டி மண்ணும் ஒரு சக்கர மூடியும் வீசுங்கள். நான்காவது, மல்லாந்த கார், கையால் சுற்றிவிட்ட சக்கரம், ஓடிக்கொண்டேயிருக்கும் வைப்பர் சத்தம். பேட்டரியை எடுத்துவிட்டோமே, வைப்பர் எப்படி ஓடும் என்று கேட்காதீர்கள். சத்தத்தை மட்டும்தான் சேர்க்கச் சொன்னோம்.

தங்கச்சிமடம் வாசகர்: எங்களிடம் இருப்பது மாருதி 800. அசுரச் சத்தத்துக்கு எங்கே போவது?

துறைமுகத்துக்கு. விசைப்படகின் ஆறு சிலிண்டர் டீசல் எஞ்சின் இருக்கிறதே, அதைவிட அசுரன் யார்? ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம். படகுகள் கரையேறிப் பழுதுபார்க்கும் நாட்களில் எஞ்சினை ஓட்டிச் சரிபார்ப்பார்கள். டிரைவரிடம் கேட்டு, ஐடிலில் ஒரு நிமிடம், மெல்ல ஏற்றி இறக்கி ஒரு நிமிடம், சட்டென்று முறுக்கி நாலைந்து முறை என்று பதிவு செய்யுங்கள். எஞ்சின் அறைக்குள் ஒரு மைக், புகைக்குழாய்க்கு நேரே இல்லாமல் பக்கவாட்டில் நாலடி தள்ளி இன்னொன்று. நேரே வைத்தால் காற்று மோதிச் சத்தம் உடையும். மைக்குக்கு மயிரடர்ந்த உறை போடாமல் சோளகக் காற்றில் (தென்காற்றில்) நிற்காதீர்கள், வெறும் புஸ் புஸ்தான் மிஞ்சும். ஒலி அளவு உச்சத்துக்கு 12 டெசிபல் கீழே நிற்கட்டும். முறுக்கும்போது எகிறுவதற்கு அந்த இடம் வேண்டும்.

எடிட்டிங்கில் மூன்று அடுக்கு: அடியில் படகு, நடுவில் உங்கள் மாருதி, மேலே ஏதாவது ஒரு பைக்கின் கிறீச்சிடல். கியர் மாறும் இடத்தில் மூன்றும் சேர்ந்து ஒரு கணம் விழுந்து எழ வேண்டும். படகு எஞ்சினுக்குக் கியர் மாற்றும் சத்தமே கிடையாது, அதை மாருதியிடமிருந்துதான் எடுக்க முடியும்.

வாலிநோக்கம் வாசகி: முகமூடி போட்டுக்கொண்டு கார் ஓட்டும் காட்சியில் தம்பி வேலியில் இடித்துவிட்டான். முகமூடி எப்படிச் செய்வது?

இரண்டு செய்யுங்கள். நின்று பேசும் காட்சிக்கு ஒன்று: 5 மில்லிமீட்டர் ஈவா நுரை ஷீட்டை ஹீட் கன்னில் இளக்கி முகத்தின் அளவுக்கு வளைத்து, தையல் போலக் கறுப்பு நூல் இழுத்தது. கண்துளை சின்னதாக, பயங்கரமாக இருக்கட்டும். ஓட்டும் காட்சிக்கு இன்னொன்று: கண்துளையைப் பக்கவாட்டில் காதுவரை அகலமாக வெட்டி, உள்ளே கறுப்புக் கொசுவலைத் துணி ஒட்டியது. காருக்கு வெளியிலிருந்து கறுப்பாகத்தான் தெரியும். வேலி தம்பிக்குத் தெரியாமல் போனதற்குக் காரணம், சின்னத் துளை ஓரப் பார்வையைச் சுத்தமாக அடைத்துவிடும் என்பதுதான். மூக்குக்குக் கீழே பத்துப் பன்னிரண்டு துளை போடாவிட்டால் மூச்சு மேலே ஏறி, கண்ணாடி போட்டவருக்குப் பனி படரும். நெற்றியில் ஒரு துண்டுத் துணி ஒட்டுங்கள், வியர்வை கண்ணில் இறங்காது. அதையும் போட்டுக்கொண்டு 20 கிலோமீட்டர் வேகத்துக்குமேல் ஓட்ட வேண்டாம். மேலே ராமேஸ்வரம் குழுவுக்குச் சொன்ன தந்திரம் எதற்கு இருக்கிறது? முகமூடிதானே, தம்பிக்குப் பதில் நன்றாக ஓட்டத் தெரிந்த யாரை வேண்டுமானாலும் உட்கார வைக்கலாம். ஹாலிவுட்டே அதைத்தான் செய்தது.

ஏர்வாடி வாசகர்: மணலில் கார் புதைந்து, டிராக்டர் வைத்து இழுத்தோம். ஒரே வாரத்தில் பிரேக்கும் கிறீச்சிடுகிறது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா?

உண்டு. முதலில் மணல். 32 பி.எஸ்.ஐ. காற்றோடு இறங்கினால் டயர் கத்தி போல வெட்டிக்கொண்டு போகும். 18 வரை இறக்கினால் டயர் படுத்துப் பரந்து மிதக்கும். இறங்கும் முன்பே இறக்க வேண்டும், புதைந்த பிறகு பாதிப் பலன்தான். சக்கரம் சுற்ற ஆரம்பித்த கணமே காலை எடுங்கள், ஒவ்வொரு சுற்றும் ஓர் அங்குலம் கீழே. முன்னால் உள்ள மணலைக் கையால் வாரி, பனை மட்டையைக் குறுக்காக அல்ல, நீளவாக்கில் டயருக்கு அடியில் செருகி, இரண்டாவது கியரில் மெல்ல. முதல் கியரில் முறுக்கம் அதிகம், சக்கரம் மறுபடி சுற்றும். தார் ரோடு ஏறியதும் காற்றை நிரப்பாமல் ஓட்டாதீர்கள். 18இல் வேகமெடுத்தால் டயர் சூடேறும், வளைவில் ரிம்மை விட்டுக் கழலும். காற்றடிக்கும் பம்பு இல்லாமல் காற்றை இறக்குவதே தப்பு.

பிரேக் கிறீச்சிடுவது ஈரமணலும் உப்பும் பேடுக்கும் டிஸ்குக்கும் நடுவே போனதால். அன்றைக்கே நல்ல தண்ணீரில் சக்கரங்களின் உட்பக்கமும் வண்டியின் அடிவயிறும் கழுவி, பத்து நிமிடம் ஓட்டிப் பிரேக்கை நாலைந்து முறை மிதித்துக் காயவைத்திருக்க வேண்டும். டிரம் பிரேக்கென்றால் கழற்றியே ஊத வேண்டும், உள்ளே போன மணல் தானாக வெளியே வராது. கேமரா லென்சுக்கும் அதே விதி. உலர்ந்த துணியால் துடைத்தால் மணல் கீறும். முதலில் ஊதி, அப்புறம் டிஸ்டில்டு வாட்டரில் நனைத்த துணி, கடைசியில்தான் உலர்ந்த துணி.